ஊருக்கெல்லாம் சொல்லியாச்சு

உக்காருங்க தம்பி. அந்தச் சேரு ஆடும், இதுல உக்காருங்க. கரண்ட் இப்பத்தான் வந்துச்சு, மெஷின் சூடேறி ஓடோணும். உங்க பேனர் பத்துக்கு எட்டு அடி, அரை மணி நேரமாவது ஆகுமுங்க. அவசரம்னா பக்கத்துக் கடையில வேணாக் கேட்டுப் பாருங்க. அங்கயும் இதே மெஷின்தான், இதே கரண்டுதான்.

அப்பாவுக்கு வயசு என்னங்க? எழுபத்தி நாலா. இன்னும் கொஞ்ச நாளு இருந்திருக்கலாமுங்க. போட்டோ நல்லா இருக்குது. பனியனோட இருக்கறாரேன்னு யோசிக்காதீங்க, வெள்ளைச் சட்டை போட்டுடலாம். கழுத்துக்குக் கீழ எல்லாருக்கும் நம்மகிட்ட உடம்பு இருக்குதுங்க. இந்தத் தாராபுரத்துல செத்தவங்கள்ல பாதிப் பேரு என்ற கம்ப்யூட்டர்ல இருக்கற சட்டையத்தான் போட்டுட்டுப் போயிருக்கறாங்க. இவருக்கும் நல்லா ஒக்காருமுங்க.

உள்ள கண்ணாடி ரூம்புல இருக்கறது என்ற பொண்ணு, சுபிக்‌ஷா. பதினாறு முடிஞ்சுது. நீங்க கூப்பிட்டா திரும்ப மாட்டா, மருவாதி தெரியாத புள்ளைன்னு நெனச்சுக்காதீங்க. ஆட்டிசமுங்க. பேச்சு இல்லை. காது நல்லாக் கேக்கும், நம்மளவிட நல்லாவே கேக்கும். மெஷின் சத்தம் ஆகாதுன்னுதான் காதுல அந்தப் பெரிய ஹெட்போனை மாட்டியிருக்கறா. ஊட்டுல தனியா விட முடியறதில்லீங்க இப்ப, அதனால கடைக்கே கூட்டிட்டு வந்துடறேன். ஓரத்துல வெட்டிப் போடற ஃப்ளெக்ஸ் துண்டு இருக்குதல்ல, அதுக்குப் பின்பக்கம் ஸ்கெட்ச் பேனாவுல வரைஞ்சுட்டே இருப்பா. அவளால ஒரு தொந்தரவும் இல்லை.

படம் வரையறது பொழுதுபோக்குன்னு நெனச்சீங்களா. இல்லீங்க, அவளுக்கு அதுதான் பேச்சு. ஸ்பெஷல் ஸ்கூல்ல ரெஜினா டீச்சர்னு ஒருத்தங்க, அவங்கதான் பழக்கி விட்டாங்க. தண்ணி வேணும்னா டம்ளர் வரையோணும். மொதல்ல அட்டையில இருக்கற படத்தைத் தொட்டுக் காமிச்சிட்டு இருந்தா, அப்பறம் அவளே வரைய ஆரம்பிச்சுட்டா. என்ற ஊட்டுக்காரிக்கு, பூங்கொடிக்கு, அதெல்லாம் பாத்த உடனே புரியும். ஒரு நாளு பாப்பா தோசை வரைஞ்சு நடுவுல கறுப்பாப் புள்ளி வெச்சிருந்தா. நானு பேனா பட்டுருச்சுன்னு நெனச்சேன். பூங்கொடி எட்டிப் பாத்துட்டு, "மொளகு வேண்டாமாமா"ன்னு சொல்லி வேற தோசை ஊத்தினா.

பூங்கொடியும் பதிலுக்கு வரைவாளுங்க. மாடு வரைஞ்சா நாய் மாதிரி இருக்கும். பாப்பா அதைப் பாத்துச் சிரிப்பா. எனக்குன்னா பாக்கவே முடியாது, டிசைனருங்களே நானு. கொண்டா, நெட்டுல இருந்து நல்ல மாடா எடுத்து கலர் பிரிண்ட் போட்டுத் தர்றேன்னு சொல்லுவேன். ரெண்டு பேருமே வேண்டாம்பாங்க. காயிதத்துலயே சண்டை போட்டு, காயிதத்துலயே ராசி ஆயிக்குவாங்க. நானு உள்ள போறதில்லை. கடையைப் பாக்கோணுமல்லங்க.

டீ சொல்லட்டுங்களா? சரி, வேண்டாம்னா விடுங்க. துக்க ஊட்டுல இருந்து வந்திருக்கறீங்க, தொண்டையில எறங்காதுதான்.

பூங்கொடி போனது மாசி மாசமுங்க. சமையக்கட்டுல நின்னுட்டு இருந்தவ அப்படியே சாஞ்சுட்டா. மூளையில ரத்தக்குழாய் வெடிச்சுப் போச்சுன்னாங்க. ஆம்புலன்ஸ்ல கோயமுத்தூருக்குத் தூக்கிட்டுப் போனோம், திருப்பிக் கொண்டாந்தது பொணமாத்தான். பாப்பாவைப் பூங்கொடியோட அக்கா மூலனூருக்குக் கூட்டிட்டுப் போயிட்டாங்க. சிவகாமின்னு பேரு, நல்ல மனுசி. "கூட்டமும் பறையுமா இருக்கும் மாப்பிள்ளை, அது தாங்காது, காதைப் பொத்திக்கிட்டுக் கத்தும், நான் கூட்டிட்டுப் போயிடறேன்"ன்னாங்க. எல்லாருக்கும் அதுதான் சரின்னு பட்டுது. எனக்கும் பட்டுது. அதுக்கு என்ன தெரியும் பாவம்னு ஆளாளுக்குச் சொன்னாங்க. கருமாதி முடிஞ்ச பொறவுதான் கொண்டாந்து விட்டாங்க.

பேனர் நானேதான் அடிச்சேன். வேற எவன் அடிப்பான். ஒரே கஷ்டம் என்னன்னா போட்டோ இல்லை. ஊருக்கெல்லாம் போட்டோ போடற ஊட்டுல அவளுக்கு ஒரு நல்ல போட்டோ இல்லீங்க, செல்லைத் தூக்கினாலே ஓடிருவா. ஒண்ணே ஒண்ணு கெடைச்சுது. காப்பிக்கலர் நைட்டி, தோள்ல நீலத் துண்டு, கையில கரண்டி. அதையா நாலு ரோட்டுலயும் வெக்க முடியும்? தலையை மட்டும் எடுத்து, பட்டுச்சேலை கட்டின உடம்புல வெச்சு, காசுமாலை, ஒட்டியாணம், பெரிய குங்குமம் எல்லாம் போட்டேன். பின்னால மேகம், ஒளிவட்டம். வந்தவங்க அத்தனை பேரும் மகாலட்சுமியாட்ட இருக்கறான்னாங்க. ஒருத்தர் அதைப் பாத்துட்டு, அவரு அம்மாவுக்கு அதே மாதிரி வேணும்னு அந்த எடத்துலயே ஆர்டர் குடுத்தாருங்க.

எனக்கு அழுகை வரலீங்க. இன்னைக்கு வரைக்கும் வரலை. உக்காந்தே இருந்து கால் மரத்துப் போகுமல்ல, உள்ள அந்த மாதிரி இருக்குது. ஊனி நடக்கறேன், ஆனா தரை தெரியறதில்லை. எரிச்ச அன்னைக்குக் கூட பேனர்ல பேருக்குக் கீழ கலர் கொஞ்சம் கம்மியாயிருச்சேன்னுதான் நெனச்சுட்டு இருந்தேன்.

பாப்பாவை மூலனூர்ல இருந்து கூட்டிட்டு வர்றப்ப, பஸ் ஸ்டாண்டு முக்குல பேனர் இருந்துச்சு. வண்டியை நிறுத்திக் காமிச்சேன். பாரு கண்ணு, அம்மான்னேன். எட்டடி உசரத்துக்கு அம்மா நிக்கறா, இது ஏறெடுத்தும் பாக்கலீங்க. பக்கத்து பேக்கரியில ஓடற ஃபேனைப் பாத்துட்டு இருந்துச்சு. சரி, அதுக்குத் தெரியாதுன்னு எல்லாரும் சொன்னது நெசந்தானாட்ட இருக்குதுன்னு நெனச்சேன். உண்மையைச் சொல்லோணும்னா எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக் கூட இருந்துச்சு. ஒருத்தராவது கஷ்டப்படாம இருக்கட்டும்.

ஊட்டுக்கு வந்து ரெண்டு நாளு ரூம் ரூமா நடந்தா. அப்பறம் வரைய ஆரம்பிச்சா. என்ன வரைஞ்சாங்கறீங்க? நைட்டி. காப்பிக்கலர் நைட்டி. தலையும் இல்லை, காலும் இல்லை, தோள்ல மட்டும் நீலமா ஒரு பட்டை. அதைக் கொண்டாந்து என்ற கையில திணிப்பா. நானு வாங்கி வெச்சுக்குவேன். மறுக்காவும் ஒண்ணு வரைஞ்சு கொண்டாருவா. வயசுக்கு வந்த புள்ளை, அம்மா போட்டதை இதுவும் போடோணும்னு ஆசைப்படுதாட்டன்னு நெனச்சு, ஜவுளிக்கடையில அதே கலர்ல வாங்கிட்டு வந்தேன். கையில கூடத் தொடலை. சைசு சரியில்லையோன்னு பெருசா வாங்கினேன். தூக்கி ஜன்னல் வழியா வீசிட்டா. நீலத் துண்டும் வாங்கினேனுங்க. அதை மட்டும் கையில வாங்கினா, மோந்து மோந்து பாத்துட்டுக் கீழ போட்டுட்டா.

ஆனி மாசத்துல சோறும் நின்னு போச்சு. தோசை ஊத்தினேன், ஓட்டல்ல வாங்கினேன், சிவகாமியக்கா வந்து ஆக்கிப் போட்டாங்க. தட்டை அப்படியே தள்ளி விட்டுடுவா. தண்ணியும் பிஸ்கெட்டும்தான். கன்னமெல்லாம் ஒட்டிப் போச்சு. கழுத்து எலும்பு தெரிய ஆரம்பிச்சுருச்சு. அப்பத்தான் டீச்சர்கிட்டக் கூட்டிட்டுப் போனேன், அந்த நைட்டிப் படமெல்லாம் ஒரு பையில போட்டு.

டீச்சர் ஒவ்வொண்ணாப் பாத்தாங்க. "இது நைட்டி இல்லீங்க சார், அவங்கம்மா. அம்மா எங்கன்னு உங்களைக் கேக்கறா"ன்னாங்க.

நானு படத்தையெல்லாம் திருப்பிப் பையில போட்டேன்.

"அம்மா எறந்துட்டாங்கன்னு இவகிட்ட யாராவது சொன்னீங்களா?"

"ஊருக்கே சொன்னேனுங்க டீச்சர், நாலு ரோட்டுலயும் பேனர் கட்டியிருந்தேன், நீங்களே பாத்திருப்பீங்க"ன்னேன்.

"இவகிட்டச் சொன்னீங்களா சார்?"

காமிச்சேன், பாக்கலைன்னேன். அதுக்கு அவங்க, "அது யாரோ ஒரு பொம்பளைங்க சார், பட்டுச்சேலை கட்டினவங்க. அவளுக்கு அவங்களைத் தெரியாது"ன்னாங்க. எனக்குச் சுருக்குனு ஆயிப் போச்சுங்க. கண்ணு முழிச்சு செஞ்ச வேலை அது. நுனி முடி கூடப் பிசிறு இல்லாம வெட்டியிருந்தேன். அதைப் போயி யாரோன்னுட்டாங்க.

சரி, என்ன பண்ணோணும்னு கேட்டேன். படம் போட்டுத்தான் சொல்லோணுமாமா. அவ பாஷையிலயே சொல்லுங்க, கையால வரைங்க, கோடு கோணலா இருந்தாலும் பரவால்லைன்னாங்க. சமையக்கட்டுல அம்மா விழுந்தாங்க. ஆம்புலன்ஸ் வந்துச்சு. ஆஸ்பத்திரி. அம்மா எறந்துட்டாங்க, கண்ணு தொறக்காது, மூச்சு இல்லை. மயானத்துல எரிச்சோம். அம்மா திரும்பி வர மாட்டாங்க. அப்பா இருக்கறேன். இதை அப்படியே வரிசையா வரைஞ்சு, பக்கத்துல உக்காந்து காமிங்க. வெளக்கு, பூவு, புறா அந்த மாதிரி ஒண்ணும் வேண்டாம். இருக்கறதை மட்டும் வரைங்கன்னு சொன்னாங்க.

நீங்களே சொல்லுங்க தம்பி. பெத்த புள்ளைகிட்ட, அதுவும் வாயில்லாத புள்ளைகிட்ட, உங்கம்மாளை எரிச்சோம்னு படம் போட்டுக் காமிக்கிறதா? அந்தம்மா படிச்சவங்க, புள்ளைங்க மேல பாசம் உள்ளவங்கதான். ஆனா சாவு ஊட்டு நெலவரம் அவங்களுக்குத் தெரியாதுங்க. எனக்குத் தெரியும். தெனமும் இந்தச் சேர்ல ஒருத்தர் வந்து உக்காருவாங்க. ஒருத்தராவது, எங்கப்பா எரியற மாதிரி வெச்சு அடிங்கன்னு கேட்டிருக்கறாங்களா? என்ற ஃபோல்டர்ல அந்த மாதிரி ஒரு படமே இல்லை. எல்லாரும் கேக்கறது மேகந்தான். கொஞ்சம் மேல வெய்யிங்க, முகத்துல வெளிச்சம் குடுங்கன்னுதான் கேப்பாங்க. அதுல ஒரு ஆறுதல் இருக்குதுங்களே.

அதனால எனக்குத் தெரிஞ்ச மாதிரி ஒண்ணு பண்ணினேன். டீச்சர் பேச்சையும் தட்டலை, பட்டுச்சேலையை எடுத்துட்டேன். அந்தப் பழைய போட்டோவை அப்படியே வெச்சேன், நைட்டி, துண்டு, கரண்டி எல்லாம். அதுக்கு அடியில பஞ்சு பஞ்சா மேகம், மேல சூரிய வெளிச்சம். கீழ எங்க ஊடு, மொட்டை மாடி, டேங்க்கு. அசலா இருக்கட்டும்னு ஊட்டைப் போட்டோ எடுத்துச் சேத்தேன். பாப்பாவை உக்கார வெச்சுக் காமிச்சேன். அம்மா மேல போயிட்டா கண்ணு, அங்கிருந்து உன்னைப் பாத்துட்டு இருக்கறான்னேன்.

அட, பாத்தாளுங்க. வெரல வெச்சு நைட்டியைத் தொட்டா. துண்டைத் தொட்டா. அப்பறம் மேகத்தைத் தொட்டா. தொண்டையில ஒரு சத்தம் போடுவா சந்தோசம் வந்தா, ம்ம்ம்ம்னு, அந்தச் சத்தத்தை அத்தனை நாளு கழிச்சு அன்னைக்குத்தான் கேட்டேன். அன்னைக்கு ரெண்டு தோசை தின்னா. படம்னா படந்தான்னு டீச்சருக்கு போன் போட்டு நன்றி கூடச் சொன்னேன். என்ன படம்னு அவங்க கேட்டாங்க. நல்லா வந்திருக்குதுங்கன்னு சொல்லி வெச்சுட்டேன்.

மறுநாள்ல இருந்து மாடிக்குப் போக ஆரம்பிச்சா. காத்தாட நிக்கறாளாட்டன்னு விட்டுட்டேன். ஆடி மாசம் பாலக்காட்டுக் கணவாயில இருந்து மேகம் திரண்டு நம்ம பக்கம் வருமல்ல, அதை அண்ணாந்து பாத்துட்டே நிப்பா. தட்டுல சோறு போட்டுக் குடுத்தா மேல எடுத்துட்டுப் போயிருவா. ஒரு தட்டு இல்லீங்க, ரெண்டு தட்டு கேப்பா. நல்லாச் சாப்பிடறாளேன்னு எனக்குச் சந்தோசம். ஒரு நாளு துணி காயப்போடப் போனப்பப் பாத்தேன், ஒரு தட்டு தொடாம சுவத்து மேல இருக்குது, காக்கா தின்னுட்டு இருக்குது.

பொறவு அந்தப் புதன்கிழமை. மேகம் ரொம்பக் கீழ எறங்கி வந்துச்சு அன்னைக்கு. கடையில வேலையா இருந்தேன், பக்கத்து ஊட்டுக்காரங்க போன் போட்டுக் கத்தறாங்க. ஓடினேன். டேங்க்கு மேல ஏறி நிக்கறா, தம்பி. வழுக்கற டேங்க்கு, காத்துன்னா அப்படிக் காத்து. கையில நானு வாங்கிக் குடுத்த நீலத் துண்டு. ரெண்டு கையையும் மேல தூக்கிட்டு, நுனிக்கால்ல நிக்கறா, கொழந்தை தூக்கச் சொல்லுமல்ல, அந்த மாதிரி. நானு கத்தலை. கத்தினா விழுந்துருவான்னு தெரியும். ஏணியில ஏறிக் காலைப் புடிச்சுக் கீழ எறக்கினேன். என்ற கையைக் கடிச்சுட்டா, இங்க பாருங்க, இன்னும் தழும்பு இருக்குது. அவ அவ்வளவு கத்தி நானு கேட்டதே இல்லை.

மாடிக் கதவைப் பூட்டிட்டேன். கதவுல சொரண்டிச் சொரண்டி நெகமெல்லாம் தேஞ்சு போச்சு. அதனாலதான் கடைக்குக் கூட்டிட்டு வர்றது.

டீச்சர் ஊட்டுக்கே வந்துட்டாங்க. படத்தைப் பாத்தாங்க. "சார், அம்மா மேகத்துல நிக்கறாங்கன்னு நீங்க சொல்லியிருக்கீங்க. அவ நம்பிட்டா. போய்ப் பாக்கலாம்னு ஏறியிருக்கா. இதுல அவ தப்பு ஒண்ணும் இல்லை"ன்னாங்க. நானு சொன்னேன், இத்தனை வருசமா மேகம் வெச்சுத்தான் அடிக்கறேன் டீச்சர், இதுவரைக்கும் ஒருத்தரும் டேங்க்கு மேல ஏறினதில்லைன்னு. என்ன தப்புங்க நான் சொன்னதுல? படம் போட்டுச் சொல்லுங்கன்னாங்க, போட்டேன். இப்பப் படத்தால வந்த வெனைங்கறாங்க. "மறுபடியும் சொல்லோணும் சார், இந்தத் தடவை நெசத்தைச் சொல்லோணும், நீங்க வரையாட்டி நானே வரைஞ்சு தர்றேன், ஆனா சொல்றது நீங்களா இருக்கோணும்"ன்னாங்க. பாக்கலாமுங்கன்னேன். வரைஞ்சும் குடுத்துட்டாங்க. பீரோவுல இருக்குது. நேரம் வரோணும்ங்க எதுக்கும். இப்ப ஆவணி, முகூர்த்த மாசம், கல்யாண பேனரே தலைக்கு மேல கெடக்குது.

ஆனா ஒண்ணு நல்லது நடந்துச்சுங்க. போன வாரம் பாப்பா என்னை வரைஞ்சா. பொறந்ததுல இருந்து என்னை ஒரு தடவை கூட வரைஞ்சதில்லை. பூங்கொடியை வரைவா, ஃபேனை வரைவா, தோசையை வரைவா. இப்பத்தான் மொதல் தடவை. கீழ எங்கூட்டுச் சமையக்கட்டு. அடுப்புகிட்ட பூங்கொடி, அதே நைட்டி, அதே துண்டு. இந்தத் தடவை காலும் இருக்குது, தலையும் இருக்குது. பக்கத்துல தட்டோட பாப்பா. மேல மேகம். மேகத்து மேல நானு. மீசை, கண்ணாடி, பாக்கெட்டுல பேனா, ஒண்ணும் விடலை. எனக்கும் அவங்களுக்கும் நடுவுல ஒரு ஏணி. ஏணிக்கு ரெண்டு பக்கமும் அம்பு போட்டிருந்தா, ஒண்ணு என்ற பக்கம் மேல பாத்து, ஒண்ணு பூங்கொடி பக்கம் கீழ பாத்து.

பேனர்ல யாருங்க மேல இருப்பாங்க? முக்கியமானவங்கதானுங்களே. கல்யாண பேனரா இருந்தாலும் கட்சி பேனரா இருந்தாலும் பெரியவங்க படம் மேல, மத்தவங்க கீழ. தெனமும் கடையில உக்காந்து பாத்துப் பாத்து அதைப் புடிச்சுக்கிட்டா புள்ளை. அப்பனைக் கொண்டு போயி மேல வெச்சிருக்கறா. நானு ஸ்கேன் பண்ணி, நாலுக்கு மூணுல, ஃப்ளெக்ஸ்ல இல்லீங்க, அதைவிட ஒசத்தியான வினைல் ஷீட்ல அடிச்சு ஊட்டு முன்ரூம்புல மாட்டியிருக்கறேன். அந்த அம்பு மட்டும் பார்வைக்கு இடைஞ்சலா இருந்துச்சு, அழிச்சுட்டேன்.

சிவகாமியக்கா வந்து பாத்துட்டு முந்தானையில மொகத்தைப் பொத்திக்கிட்டு வெளிய போயிட்டாங்க. டீச்சருக்கு போன்ல அனுப்பினேன். அவங்க, "உங்களுக்குப் புரியுதா சார்"னு கேட்டாங்க. புரியாம என்னங்க டீச்சர், இத்தனை வருசமா இதே தொழில்ல இருக்கறேன்னேன். அப்பறம் அவங்க போனை வெச்சுட்டாங்க.

காத்தால எந்திரிச்சதும் நேரா முன்ரூம்புக்குத்தான் போவாளுங்க. படத்துகிட்ட நிப்பா. அப்பறம் சமையக்கட்டுல, அடுப்புகிட்ட யாராவது நிக்கறாங்களான்னு எட்டிப் பாப்பா. அப்பறம் என்ற கட்டில்கிட்ட வந்து நின்னு என்னையவே பாத்துட்டு இருப்பா. அப்பனும் போயிருவானோன்னு பயம் போல. நானு கண்ணைத் தொறந்து, "இங்கதான் இருக்கறேன் கண்ணு, அப்பா எங்கயும் போக மாட்டேன்"னு சொல்லுவேன். சொன்ன உடனே செவுத்துப் பக்கம் திரும்பி உக்காந்துக்குவா. கொஞ்ச நேரம் திரும்பவே மாட்டா. இந்த மாதிரிப் புள்ளைங்க மூஞ்சி பாக்க மாட்டாங்கன்னு டாக்டர் அப்பவே சொல்லியிருக்கறாருங்க.